ஆனையிறவில் உப்பு எப்படி விளைகிறது? நீர் செய்யும் வேலையும் நாம் இழந்த அறிவும்

2025 ஆம் ஆண்டு நாட்டில் உப்புக்குத் தட்டுப்பாடு வந்தபோது எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் கேட்டார்கள். நான்கு பக்கமும் கடல் சூழ்ந்த தீவு இது. அப்படியிருக்க இந்தியாவில் இருந்து கப்பலில் உப்பு கொண்டுவர வேண்டிய நிலை ஏன் வந்தது? உப்பு விளையும் பகுதிகளில் பெய்த மழைதான் முதன்மையான காரணம் என்று சொல்லப்பட்டது. "மழை பெய்தால் கடல் வற்றிப் போகுமா? உப்பு ஏன் இல்லாமல் போக வேண்டும்?" என்று என் உறவினர் ஒருவர் என்னிடம் கேட்டார். நியாயமான கேள்வி.

அதே ஆண்டு மார்ச் மாதம்தான், 1990 இல் போரால் மூடப்பட்ட ஆனையிறவு உப்பளத்தில் புதிய தொழிற்சாலை திறந்துவைக்கப்பட்டது. அங்கு பொதி செய்யப்படும் உப்புக்கு என்ன பெயர் வைப்பது என்பது பெரிய சர்ச்சையானது. பெயர் முக்கியம்தான். ஆனால் பொதிக்குள் இருக்கும் அந்த வெள்ளைப் பளிங்கு எப்படி உருவாகிறது, அதை நல்ல உப்பாக எடுப்பதற்கு என்ன அறிவு வேண்டும் என்பதைப் பற்றிப் பேசியவர்கள் குறைவு. பல ஆண்டுகள் உயர்தர மாணவர்களுக்கு இரசாயனவியல் படிப்பித்தவன் என்ற வகையில் அதைப் பற்றிச் சொல்ல விரும்புகிறேன். இது வெறும் பாடப்புத்தக விடயம் அல்ல. எங்கள் சமையலறை, எங்கள் வீட்டுச் சுவர், முறிந்த எலும்புக்குப் போட்ட கட்டு எல்லாவற்றோடும் தொடர்புடையது.

கரைவது என்றால் காணாமல் போவது அல்ல

ஒரு உப்புக் கல்லை உற்றுப் பாருங்கள். மூலைகள் சதுரமாக இருக்கும். சோடியம் அயனும் குளோரைட்டு அயனும் செங்கல் அடுக்கியதுபோல ஒன்று விட்டு ஒன்றாக, மூன்று திசையிலும் ஒழுங்காக அடுக்கப்பட்டிருப்பதால் வரும் வடிவம் அது. இப்படி ஒழுங்காக அடுக்கப்பட்ட திண்மத்தைத்தான் பளிங்கு என்கிறோம். சோடியத்துக்கு நேர் ஏற்றம், குளோரைட்டுக்கு மறை ஏற்றம். ஒன்றையொன்று பலமாக இழுத்துப் பிடித்திருக்கின்றன. அந்தப் பிடியைத் தீயால் மட்டும் பிரித்து உப்பை உருக்க வேண்டுமானால் 801 பாகை செல்சியஸ் வெப்பம் தேவை.

ஆனால் ஒரு குவளை பச்சைத் தண்ணீர் அதே வேலையைச் சில நிமிடங்களில் செய்துவிடுகிறது. காரணம் நீர் மூலக்கூறின் அமைப்பு. அதன் ஒட்சிசன் பக்கம் சற்று மறையாகவும், ஐதரசன் பக்கம் சற்று நேராகவும் இருக்கும். ஒட்சிசன் பக்கத்தால் சோடியத்தைச் சூழ்ந்துகொள்ளும். ஐதரசன் பக்கத்தால் குளோரைட்டைச் சூழ்ந்துகொள்ளும். ஒவ்வொரு அயனையும் நீர் மூலக்கூறுகள் வட்டமாக நின்று பிடித்துக்கொள்வதால் அவை மறுபடி ஒன்றுசேர முடிவதில்லை.

இதற்கு ஒரு எல்லை உண்டு. அறை வெப்பநிலையில் 100 மில்லிலீற்றர் நீர் ஏறத்தாழ 36 கிராம் உப்பைத்தான் தாங்கும். அதற்கு மேல் போட்டால் அடியில் கிடக்கும். அந்த நிலையில் இருப்பது நிரம்பிய கரைசல். நிரம்பிய கரைசலில் இருந்து சிறிது நீர் ஆவியாகிப் போனால், அந்த அளவுக்கு அயன்களைச் சூழ்ந்து நிற்க ஆள் இல்லாமல் போகும். அவை மறுபடி ஒன்றையொன்று தேடி அடுக்கத் தொடங்கும். பளிங்காதல் என்பது இதுதான். கரைப்பதும் நீர்தான், விலகி நின்று கூட விடுவதும் நீர்தான்.

வெயிலில் காய்வது உப்பு, ஆறவிட்டால் வருவது கற்கண்டு

இடம்பெயர்ந்து மரத்தடியில் வகுப்பு நடத்திய காலத்தில் எங்களிடம் ஆய்வுகூடம் இருக்கவில்லை. இரண்டு சிரட்டையில் உப்புக் கரைசல் வைத்து மாணவர்களுக்குக் காட்டுவேன். ஒன்றை நல்ல வெயிலில் வைப்போம். மற்றதை நிழலில், ஓலைத் துண்டால் பாதி மூடி வைப்போம். வெயிலில் வைத்தது விரைவில் காய்ந்து தூளாக நிற்கும். நிழலில் வைத்ததற்குப் பல நாட்கள் எடுக்கும். ஆனால் அதில் கல் கல்லாகத் தெளிந்த பளிங்குகள் வரும்.

நீர் விரைவாகப் போனால் ஆயிரம் இடங்களில் ஒரே நேரத்தில் அடுக்கல் தொடங்கும். எதுவும் பெரிதாக வளராது. மெதுவாகப் போனால் சில கருக்கள் மட்டும் உருவாகி, வரும் அயன்கள் எல்லாம் அவற்றின் மேலேயே சென்று அடுக்கும். பளிங்கின் பருமனைத் தீர்மானிப்பது நீர் போகும் வேகம்.

இதை எங்கள் பனைத் தொழிலாளர்கள் இரசாயனவியல் படிக்காமலே அறிந்திருந்தார்கள். கருப்பநீரைக் காய்ச்சிப் பாகாக்கி, கிண்டி விரைவாக ஆறவைத்துக் குட்டானில் வார்த்தால் பனங்கட்டி. அதில் இருப்பது கண்ணுக்குத் தெரியாத சிறு பளிங்குகள். அதே கருப்பநீர்ப் பாகைக் கிண்டாமல், நூலைத் தொங்கவிட்டு, அசையாமல் வாரக்கணக்கில் ஆறவிட்டால் பனங்கற்கண்டு. நூல்தான் கரு பற்றிக்கொள்ளும் இடம். பாத்திரத்தை ஆட்டினால் கற்கண்டு கெட்டுப்போகும் என்பதன் காரணமும் இதுவே.

இங்கே ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். சீனி 100 கிராம் நீரில் 20 பாகையில் ஏறத்தாழ 200 கிராமும், 100 பாகையில் 480 கிராமுக்கு மேலும் கரையும். ஆகவே சூடான பாகை ஆறவிட்டாலே போதும், பளிங்கு விழும். உப்பு அப்படியல்ல. கொதிக்கும் 100 கிராம் நீரிலும் 39 கிராம்தான் கரையும். ஆறவைத்துப் பயனில்லை; நீரையே வெளியேற்ற வேண்டும். அதனால்தான் உப்புக்கு வெயிலும் காற்றும் பரந்த நிலமும் வேண்டியிருக்கிறது.

நாவூறு கழிக்கும்போது உப்பை நெருப்பில் போட்டால் படபடவென வெடிக்கும். "நல்லா நாவூறு பட்டிருக்கு" என்பார்கள். பளிங்கு வளரும்போது சிறு சிறு உப்புநீர்த் துளிகள் அதன் அடுக்குகளுக்கு இடையில் அகப்பட்டுவிடும். நெருப்பில் அந்தத் துளி ஆவியாகி, வெளியே வர வழியில்லாமல் கல்லை உடைத்துக்கொண்டு வருகிறது. வெடிக்கும் ஓசை அதுதான். நம்பிக்கையை நான் குறை சொல்லவில்லை. ஓசையின் காரணத்தைச் சொல்கிறேன்.

ஒரே பாத்தியில் நல்ல உப்பு வராது

கடல்நீரில் சோடியம் குளோரைட்டு மட்டும் இல்லை. ஒரு லீற்றரில் ஏறத்தாழ 35 கிராம் உப்புகள் இருக்கும். அதில் கறி உப்பு 27 கிராம் அளவில்தான். மிகுதியில் மகனீசியம், கல்சியம், பொற்றாசியம் ஆகியவற்றின் குளோரைட்டுகளும் சல்பேற்றுகளும் உண்டு. கடல்நீரை ஒரே பாத்திரத்தில் முழுவதும் வற்ற விட்டால் கிடைப்பது கசக்கும், எப்போதும் ஈரமாக இருக்கும் ஒரு கலவை. அதை வாயில் வைக்க முடியாது.

நல்லவேளையாக இவை எல்லாம் ஒரே நேரத்தில் பளிங்காவதில்லை. நீர் குறையக் குறைய ஒவ்வொன்றும் தன் முறை வரும்போதுதான் விழும். முதலில் கல்சியம் காபனேற்று விழும். ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு நீர் போன பிறகு ஜிப்சம், அதாவது கல்சியம் சல்பேற்று விழும். பத்தில் ஒன்பது பங்கு நீர் போன பிறகுதான் உப்பு விளையத் தொடங்கும். மகனீசிய உப்புகள் கடைசிவரை நீரை விடாமல் கரைந்தே நிற்கும்.

உப்பளத்தில் பாத்தி பாத்தியாகப் பிரித்து, வரம்பு கட்டி, நீரை ஒன்றில் இருந்து மற்றதுக்கு மாற்றுவது இதற்காகத்தான். கல்சியம் உப்புகளை முதற் பாத்திகளில் விட்டுவிட்டு, தெளிந்த செறிந்த நீரை உப்பு விளையும் பாத்திக்குக் கொண்டுவர வேண்டும். நீரின் செறிவை மிதக்கும் அளவுகோலால் பார்ப்பார்கள். பூமே என்ற அந்த அளவில் கடல்நீர் ஏறத்தாழ 3.5 பாகை. 25 பாகை அளவில் உப்பு விளையும். 29, 30 பாகையைத் தொடும்போது மிச்ச நீரை வெளியேற்றிவிட வேண்டும். அதுதான் கசப்புநீர். பேராசையில் அதையும் வற்ற விட்டால் எடை கூடும், உப்பு கெட்டுவிடும்.

அளவுகோல் இல்லாத காலத்தில் நீரின் நிறத்தையும், மேலே படரும் ஏட்டையும், விரலில் ஒட்டும் பிசுபிசுப்பையும் பார்த்து இதைச் சொல்லக்கூடியவர்கள் இருந்தார்கள். எந்த நாள் மடையைத் திறப்பது, எந்த நாள் உப்பை வாருவது, சோளகம் வீசும்போது எத்தனை நாளில் பாத்தி தயாராகும் என்பதெல்லாம் அவர்களின் கைக்கணக்கு.

மழை என்ன செய்கிறது

இப்போது என் உறவினரின் கேள்விக்கு வருகிறேன். 10 மீற்றர் நீளமும் 10 மீற்றர் அகலமும் உள்ள ஒரு பாத்தியை எடுங்கள். அதன் மேல் 1 சென்ரிமீற்றர் மழை பெய்தால் விழும் நீர் 1,000 லீற்றர். 100 மில்லிலீற்றருக்கு 36 கிராம் என்ற கணக்கில் அந்த ஒரு மழை 360 கிலோகிராம் உப்பைக் கரைத்துவிட முடியும். வாரக்கணக்கான வெயிலின் உழைப்பு ஒரு மாலைப்பொழுதில் கரைந்துபோகும்.

அதோடு முடிவதில்லை. விழுந்த நீரை மறுபடி வெயில் குடிக்க வேண்டும். செறிந்த உப்புநீர் நன்னீரைவிட மெதுவாகவே ஆவியாகும். அயன்கள் நீர் மூலக்கூறுகளைப் பிடித்து வைத்திருப்பதே அதற்குக் காரணம். வடக்கில் பெருமழை ஒக்டோபர் முதல் டிசெம்பர் வரை. அது போக வரும் நீண்ட கோடையை நம்பித்தான் உப்பளம் இருக்கிறது. அந்தக் கோடைக்குள் காலம் தப்பிய மழை இரண்டு மூன்று பெய்தால் கடல் நிறைய உப்பு இருந்தும் கையில் உப்பு இருக்காது.

பானையில் ஈரமாகும் உப்பு

சில உப்பு பானையில் வைத்த சில நாட்களிலேயே நீர் விடும். சுத்தமான சோடியம் குளோரைட்டு, காற்றின் ஈரப்பதன் ஏறத்தாழ 75 சதவீதத்தைத் தாண்டினால்தான் நீரை இழுக்கத் தொடங்கும். மகனீசியம் குளோரைட்டோ 33 சதவீதத்திலேயே தொடங்கிவிடும். எங்கள் காற்று அதைவிட வறண்டு இருப்பது அரிது. ஆகவே கசப்புநீர் சரியாக வடிக்கப்படாத உப்பு எப்போதும் ஈரமாகத்தான் இருக்கும்.

வாரிய உப்பை உடனே விற்காமல் அம்பாரமாகக் குவித்து மாதக்கணக்கில் விடுவதும் இதற்காகவே. மகனீசியம் குளோரைட்டு காற்றில் உள்ள ஈரத்தை இழுத்து, தானே கரைந்து, கீழே வடிந்து போகும். உப்பு மிஞ்சும். இங்கே சுத்தம் செய்யும் வேலையையும் நீர்தான் செய்கிறது, அதுவும் காற்றில் இருந்து வரும் நீர்.

இதில் தாய்மார் கவனிக்க வேண்டிய விடயம் ஒன்று உண்டு. இலங்கையில் 1995 முதல் சமையல் உப்புக்கு அயடீன் சேர்ப்பது சட்டம். கர்ப்பிணிகளுக்கும் குழந்தைகளின் மூளை வளர்ச்சிக்கும் அது அவசியம். ஈரமும் அழுக்கும் உள்ள உப்பில் அயடீன் விரைவாகக் குறையும். கல்லுப்பைக் கழுவிப் பாவித்தால் மேலே பூசப்பட்ட அயடீனும் கழுவுப்பட்டுப் போகும். உப்பை மூடிய போத்தலில், அடுப்பின் சூட்டுக்கு எட்டாமல் வையுங்கள்.

போகாமல் தங்கிவிடும் நீர்

இதுவரை நீர் போனால் பளிங்கு வரும் என்று சொன்னேன். ஆனால் சில பளிங்குகளில் நீர் உள்ளேயே தங்கிவிடும். மயில்துத்தம் நீலமாக இருப்பது அதனுள் இருக்கும் நீரால். ஒவ்வொரு செப்புச் சல்பேற்று அலகோடும் ஐந்து நீர் மூலக்கூறுகள் அடுக்கில் இடம் பிடித்திருக்கின்றன. சூடாக்கினால் அந்த நீர் போய்விடும். நிறமும் போய் வெள்ளைத் தூளாகும். ஒரு துளி நீர் விட்டால் நீலம் திரும்பி வரும். இப்படி அடுக்கின் பகுதியாகவே இருக்கும் நீரைப் பளிங்குநீர் என்கிறோம். தொட்டுப் பார்த்தால் ஈரம் தெரியாது.

உப்பளத்தில் உப்புக்கு முன் விழும் ஜிப்சமும் அப்படித்தான். ஒவ்வொரு கல்சியம் சல்பேற்றுக்கும் இரண்டு நீர் மூலக்கூறுகள். அதை ஏறத்தாழ 150 பாகையில் சூடாக்கினால் நீரின் முக்கால் பங்கு போய் வெள்ளை மாவாகும். அதுதான் பாரிசுச் சாந்து. எலும்பு முறிந்தால் அந்த மாவு பூசிய துணியை நீரில் நனைத்துச் சுற்றுவார்கள். மாவு இழந்த நீரை மறுபடி எடுத்துக்கொண்டு, ஊசி ஊசியான பளிங்குகளாக வளர்ந்து, ஒன்றோடொன்று பின்னி இறுகும். அப்போது வெப்பம் வெளிவரும்.

கட்டுப் போட்ட சிறிது நேரத்தில் கால் சுட்டது என்று எத்தனையோ பேர் எங்களிடையே சொல்லக் கேட்டிருக்கிறேன். செல்லடியில் காயப்பட்டுக் கட்டோடு கிடந்தவர்கள் இல்லாத தெருவே எங்கள் ஊர்களில் இல்லை. அந்தச் சூடு நீர் பளிங்குக்குள் போய் இடம் பிடிக்கும்போது வந்த சூடு.

சீமெந்தும் இதற்கு நெருங்கிய உறவு. சீமெந்து காய்வதால் இறுகுகிறது என்று பலர் நினைக்கிறார்கள். உண்மையில் நீரோடு சேர்ந்து புதிய பளிங்குகளையும் கூழ் போன்ற பொருளையும் உருவாக்குவதால்தான் இறுகுகிறது. நீர் சீக்கிரம் காய்ந்துவிட்டால் அந்த வேலை பாதியில் நின்றுவிடும். மீள்குடியேறியபோது குடிநீருக்கே பவுசரைப் பார்த்திருந்த இடங்களில் வீடு கட்டியவர்கள், பூச்சுக்கு நீர் விட வழியில்லாமல் இருந்தார்கள். சில வருடங்களிலேயே அந்தச் சுவர்கள் விரலால் சுரண்டினால் உதிரும் நிலைக்கு வந்தன. இனி கட்டுபவர்களுக்குச் சொல்கிறேன்: குறைந்தது ஏழு நாளாவது சாக்குப் போட்டு நனைத்து வையுங்கள்.

சுவரில் பூக்கும் உப்பு

வருடக்கணக்கில் கூரையில்லாமல் நின்ற வீடுகளுக்குத் திரும்பியவர்கள் எல்லோரும் கண்ட காட்சி, சுவரின் அடிப்பகுதியில் வெள்ளையாகப் பூத்த உப்பும் உதிர்ந்த பூச்சும். நிலத்தில் உள்ள உப்பு கலந்த ஈரம் சுவரின் நுண்துளைகள் வழியாக மேலே ஏறும். மேற்பரப்பில் நீர் ஆவியாகும். உப்பு அங்கேயே பளிங்காகும். மேலே பூப்பது பார்க்கத்தான் அசிங்கம். பூச்சுக்கு உள்ளே, துளைகளுக்குள் வளரும் பளிங்குதான் ஆபத்து. இடமில்லாத இடத்தில் அது வளர்ந்து சுவரைத் தள்ளி உடைக்கும். இரவில் ஈரம் பட்டுக் கரையும், பகலில் மறுபடி வளரும்; ஒவ்வொரு முறையும் கொஞ்சம் உடைக்கும். களப்பை அண்டிய ஊர்களிலும், கழுவாத கடல்மணலில் கட்டிய வீடுகளிலும் இது கூடுதலாகத் தெரியும்.

அதன் மேலேயே புதுப் பூச்சும் மையும் பூசுவது காசை வீணாக்குவது. பூத்த உப்பை உலர்ந்த தூரிகையால் தட்டி எடுத்து வெளியே கொட்டுங்கள். நீர் ஊற்றிக் கழுவினால் உப்பு கரைந்து மறுபடி சுவருக்குள்ளேயே போகும். ஈரம் ஏறும் வழியை அடைத்த பிறகே பூச்சு வேலை.

கட்டடம் திறந்தாயிற்று, அறிவு?

ஆனையிறவு என்றால் எங்களில் பலருக்கு 1991, 2000, 2009 ஆகிய ஆண்டுகளின் சமர்கள்தான் நினைவுக்கு வரும். அதற்கு முன் அது வேலை கொடுத்த இடம். அங்கு விளைந்த உப்பை எடுத்துத்தான், 1950களில் தொடங்கப்பட்ட பரந்தன் இரசாயனத் தொழிற்சாலை எரிசோடாவும் குளோரினும் செய்தது. உப்பளமும் தொழிற்சாலையும் ஒன்றையொன்று தாங்கி நின்றன. போர் இரண்டையும் நிறுத்தியது.

பாத்திகளை மறுபடி வெட்டலாம். வரம்பு கட்டலாம். இயந்திரம் கொண்டுவரலாம். ஆனால் எந்த நிமிடத்தில் நீரை மாற்றுவது, எப்போது கசப்புநீரை வடிப்பது, மழை இருட்டினால் எதை முதலில் காப்பாற்றுவது என்ற அறிவு இயந்திரத்தோடு வருவதில்லை. அது அந்த நிலத்தில், அந்தக் காற்றில், ஆண்டுக்கணக்கில் நின்றவர்களிடம்தான் இருக்கும். 1990 இல் இருபது வயதில் அங்கு உப்பு வாரியவருக்கு 2025 இல் ஐம்பத்தைந்து வயது. அவருக்கு அந்தக் கணக்கைச் சொல்லிக்கொடுத்த மூத்தவர்களில் பலர் இடம்பெயர்விலும் போரிலும் போய்விட்டார்கள்.

ஆகவே ஆனையிறவு உப்பைப் பற்றிப் பேசும்போது, பெயரோடு சேர்த்து இன்னும் சில கேள்விகளையும் நாம் கேட்க வேண்டும். பழைய தொழிலாளர்களிடம் யாராவது போய் இருந்து கேட்டு எழுதி வைத்தார்களா? புதிதாகச் சேரும் இளைஞர்கள் கூலிக்கு உப்பு அள்ளுபவர்களாக மட்டும் இருப்பார்களா, அல்லது நீரின் செறிவைப் பார்த்து மடையைத் திறக்கும் முடிவை எடுக்கப் பழக்கப்படுவார்களா? மழைக்கு முன் வாரிய உப்பைப் பாதுகாக்கக் களஞ்சியம் போதுமான அளவில் இருக்கிறதா? வடக்கின் பாடசாலைகளில் பளிங்காதல் பாடம் படிக்கும் பிள்ளைகளை ஒரு நாளாவது அந்தப் பாத்திக் கரைக்குக் கூட்டிச் செல்கிறார்களா?

வெயிலும் காற்றும் களப்பும் எங்களை விட்டுப் போகவில்லை. அந்தக் கணக்கு தெரிந்தவர்கள் இன்னும் சிலர் பரந்தனிலும் பளையிலும் கிளிநொச்சியிலும் இருப்பார்கள். அவர்களைத் தேடிப் போவதற்கு இன்னும் பத்து வருடம் காத்திருக்க முடியாது.